மூன்றாவது இலை

கரைமடத்தில் குருவுக்கு வயது முப்பத்தெட்டு. சீடருக்கு ஐம்பத்தொன்பது. முதல்முறை வருகிறவர்கள் நேராகப் போய்ச் சீடர் காலில்தான் விழுவார்கள். அவருக்குத்தான் வெள்ளைத் தாடி இருந்தது.

"என் கால்ல எதுக்கு விழுறீக? அந்தா, பானையைக் கழுவிக்கிட்டு இருக்காக பாருங்க, அவுகதான் குரு" என்று சங்கிலி கையைக் காட்டுவார்.

குருவின் பெயர் உலகம்மை. எல்லோரும் தாயார் என்பார்கள். ஒரு காலத்தில் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவர். பேச்சும் ஊசி போடுகிற மாதிரிதான் இருக்கும். சுருக்கென்று குத்தும், சட்டென்று முடிந்துவிடும்.

மடம் இருந்தது ஓர் அணையின் நீர்த்தேக்கக் கரையில். அந்தத் தண்ணீருக்கு அடியில் ஆலங்கோம்பை என்றொரு ஊர் கிடந்தது. சங்கிலி பிறந்த ஊர் அதுதான். அணை கட்டித் தண்ணீர் ஏறியபோது அவருக்கு ஐந்து வயது. அப்பா மலையில் கரிமூட்டம் போடுகிறவர். ஒரு விடியற்காலையில் தூங்கிக்கொண்டிருந்த பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கரி லாரியில் ஏறியவர், கோயம்புத்தூரில் போய்த்தான் இறக்கிவிட்டார். பிறகு அந்த ஊரைப் பற்றி அப்பா வாயைத் திறக்கவே இல்லை. "அம்மா செத்துட்டா. ஊரும் போச்சு. விடு" என்பதோடு சரி.

சங்கிலி மில்லில் வேலை பார்த்தார். கல்யாணம் செய்துகொண்டார். பிள்ளை இல்லை. மனைவியும் போய்ச் சேர்ந்த பிறகு, வாடகை வீட்டைப் பூட்டிச் சாவியைக் கொடுத்துவிட்டு இங்கே வந்தார். ஊரில் வேறு மடமே இல்லையா என்று கேட்டால், "இதுதான் எங்க வீட்டுக்குப் பக்கம்" என்பார்.

வருகிறவர்களிடம் எல்லாம் அந்த வீட்டுக் கதையைச் சொல்வார். சொல்ல அவரிடம் இருந்தது இரண்டே சங்கதி. ஒன்று, வாசலில் கிடந்த ஒரு படிக்கல். அதில் ஆடுபுலி ஆட்டத்துக்கான கட்டம் செதுக்கியிருக்கும். இன்னொன்று, அதில் உட்கார்ந்திருக்கும்போது கேப்பைக்களியை உருட்டி வாயில் வைக்கும் ஒரு கை.

"அம்மா முகம் எனக்கு ஞாபகம் இல்ல. கை ஞாபகம் இருக்கு" என்பார். கேட்கிறவர்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். தாயார் மட்டும் துடைக்க மாட்டார். ஒன்பது வருஷமாகக் கேட்ட கதை.

ஒன்பது வருஷமாகச் சங்கிலி காவியும் கேட்டுக்கொண்டிருந்தார்.

அந்த மடத்தில் ஒரு வழக்கம். காவி கேட்கிறவர் முதலில் தன் வீட்டுக்குப் போக வேண்டும். வீட்டார் ஒருவர் கையால் ஒரு வாய் சோறு சாப்பிட வேண்டும். "போ" என்று அவர் வாயாலேயே சொல்ல வேண்டும். அதற்குப் பிறகுதான் துணி. அழுது புரண்ட மனைவிமாரிடமும் அடிக்க வந்த அண்ணன்மாரிடமும் அப்படி விடை வாங்கி வந்தவர்கள் அங்கே நாலைந்து பேர் உண்டு.

"எனக்குத்தான் வீடும் இல்ல, ஆளும் இல்லையே தாயே" என்றார் சங்கிலி. "கட்டி இழுக்க ஒரு கயிறு கிடையாது. என்னைவிடச் சுலபமான ஆளு யாரு?"

தாயார் பக்கத்தில் கிடந்த சொம்பை எடுத்து அவர் கையில் கொடுத்தார்.

"இதைக் கொட்டிட்டு வாங்க."

சங்கிலி பார்த்தார். "காலியா இருக்கே தாயே."

"இருந்தா என்ன? கொட்டிட்டு வாங்க."

"ஒண்ணுமே இல்லாததை எப்படிக் கொட்டுறது?"

"அதைத்தான் நானும் ஒன்பது வருஷமாக் கேட்டுக்கிட்டு இருக்கேன்" என்று தாயார் எழுந்து போய்விட்டார்.

சங்கிலிக்குக் கோபம் வந்தது. தன்னைவிட இருபத்தொரு வயது சின்னவரிடம் கோபப்பட்டு என்ன செய்வது? மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனார்.

அந்த வருஷம் மழை பொய்த்தது. சித்திரையில் தண்ணீர் இறங்க ஆரம்பித்து, வைகாசி முடிவதற்குள் ஆலங்கோம்பை வெளியே வந்துவிட்டது. முதலில் கோவில் தூண்கள் தெரிந்தன. பிறகு கிணற்று மேடு. பிறகு வரிசை வரிசையாக வீட்டு அஸ்திவாரங்கள். அவர் மடத்துக்கு வந்த பிறகு இப்படி வற்றியது இதுதான் முதல்முறை.

சங்கிலி குளித்துவிட்டு வந்து நின்றார்.

"தாயே, எங்க வீட்டுப் படி தெரிஞ்சிருக்கும். ஆள் இல்லாட்டி என்ன, படி இருக்குல்ல? அதுகிட்ட விடை வாங்கிட்டு வந்துடுறேன்."

"படி சோறு போடுமா?"

"நானே பொங்கித் தின்னுக்கிறேன்."

"படி 'போ'ன்னு சொல்லுமா?"

"வேண்டாம்னு சொல்லாதுல்ல? அது போதும்."

தாயார் சிரித்துவிட்டார். "சரி. போயிட்டு வாங்க."

ஒரு சின்னப் பானையும் கால்படி அரிசியும் எடுத்துக்கொண்டு சங்கிலி இறங்கினார். வண்டல் காய்ந்து பாளம் பாளமாக வெடித்திருந்தது. காலடியில் நத்தைக்கூடு நொறுங்கியது. செத்த மீன் வாடை. ஆனால் அவர் நடந்த நடையைப் பார்த்தால் புதுமாப்பிள்ளை தோற்றுப்போவான். கோவிலைத் தாண்டி, கிணற்றைத் தாண்டி, இரண்டாவது தெரு. கல் கல்லாகக் குனிந்து பார்த்துக்கொண்டே போனார். படி கிடைத்தது. ஆடுபுலிக் கட்டம் அழியாமல் இருந்தது.

படிக்குப் பக்கத்தில் மூன்று கல்லைக் கூட்டி அடுப்பு மூட்டி ஒரு பெண் பொங்கல் வைத்துக்கொண்டிருந்தாள். ஐம்பது வயதைத் தாண்டிய முகம். புதுச்சேலை கட்டியிருந்தாள். கல்யாணப் பத்திரிகை ஒன்று மஞ்சள் தடவிப் படியின் மேல் இருந்தது.

"யாரும்மா நீ?" என்றார் சங்கிலி. "என் வீட்டு வாசல்ல வந்து அடுப்பு மூட்டியிருக்க?"

அவள் நிமிர்ந்து பார்த்தாள். "உங்க வீடா? நல்லாருக்கே கதை. இது எங்க வீடு. எங்க ஐயா காசிமாயன் கட்டின வீடு."

"தெரு மாறி வந்திருப்ப. ஆடுபுலிக் கட்டம் போட்ட படி எங்க வீட்டுப் படி. ஊருக்கே தெரியும்."

"ஊரு எங்க இருக்கு, கேக்குறதுக்கு?" என்றாள் அவள். "கட்டத்தை நல்லாப் பாருங்க. மேக்கால ஒரு கோடு கோணலாப் போயிருக்கா? செதுக்குறப்ப ஐயாவுக்கு உளி வழுக்கிருச்சு. கட்டைவிரல்ல காயம். அம்மா அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கும்."

சங்கிலி குனிந்து பார்த்தார். கோடு கோணலாகத்தான் இருந்தது. விரலை வைத்து அந்தக் கோணல் வழியே ஓட்டினார். விரலுக்கு அந்தக் கோணல் நன்றாகத் தெரிந்திருந்தது. ஆனால் உளி வழுக்கிய கதை தெரியவில்லை.

"அதெல்லாம் ஒத்துக்க முடியாது. இது எங்க வீடுதான்" என்றார், கொஞ்சம் சத்தமாகவே.

"சாமி மாதிரி தாடி வச்சிருக்கீக, செத்த நேரம் பொறுக்க மாட்டீகளா? படையலை முடிச்சுக்கிறேன். அப்புறம் சண்டை போடுவோம். எங்க வீட்ல ஒரு நல்லது நடக்கப்போகுது. செத்தவுகளுக்கு முதல் பத்திரிகை வைக்க வந்திருக்கேன்."

நியாயமாகத்தான் இருந்தது. சங்கிலி தள்ளிப்போய் உட்கார்ந்தார்.

அவள் படியைக் கழுவி மூன்று இலை போட்டாள். மூன்றிலும் பொங்கலை வைத்தாள். வெல்லம் வைத்தாள். ஒவ்வொரு இலைக்கு முன்னாலும் குனிந்து கூப்பிட்டாள்.

"ஐயா காசிமாயா, வந்து சாப்பிடுங்க."

"அம்மா பெருமாயி, வந்து சாப்பிடு."

மூன்றாவது இலைக்கு முன்னால் கொஞ்சம் கூடுதல் வெல்லம் வைத்தாள்.

"சங்கிலியண்ணே, நீயும் வா. இந்தத் தடவையாச்சும் கோவிச்சுக்காம வா."

சங்கிலிக்குக் காது அடைத்துக்கொண்டது.

"அது யாரு, மூணாவது ஆளு?"

"எங்க அண்ணன். கூடப் பொறந்ததில்ல. பக்கத்து வீட்டுப் பையன். கைப்பிள்ளையா இருக்கும்போதே அவனுக்கு ஆத்தா இல்ல. அப்பன் வாரத்துக்கு ஒருநாள்தான் மலையில இருந்து இறங்குவானாம். பையன் இந்தப் படியிலயேதான் கிடப்பானாம். எங்கம்மாதான் ஊட்டும். தண்ணி ஏறுனப்ப ஆளைக் காணோம். அப்பன் மலையிலதான் இருக்கான்னு எல்லாரும் நினைச்சாகளாம். வெள்ளத்துல போயிட்டான்."

"நீ பாத்தியா?"

"நான் அப்ப அம்மா வயித்துல. ஊரைக் காலி பண்ண லாரி வந்து நிக்குது. ஒன்பது மாசக்காரி, பையன் கிடைக்காம ஏறமாட்டேன்னு இதே படியில உக்காந்துருச்சாம். தண்ணி தெருவுக்குள்ள வந்தப்புறம் நாலு பேரு தூக்கித்தான் ஏத்துனாகளாம். சாகுறவரைக்கும் அதைத்தான் சொல்லும். ஊரு போனதைப் பத்திக்கூட அவ்வளவு பேசாது."

"அந்தப் பையன் வீடு எது?"

அவள் கையைக் காட்டினாள். பத்தடி தள்ளி ஒரு கல்குவியல் கிடந்தது. சங்கிலி அதை உற்றுப் பார்த்தார். ஒரு வாசல், ஒரு மூலை, ஏதாவது ஞாபகம் வருமா என்று பார்த்தார். ஒன்றும் வரவில்லை. வழியில் மிதித்துவந்த நூறு கல்குவியல்களில் அதுவும் ஒன்றாக இருந்தது.

"உங்கம்மா கையில..." என்று ஆரம்பித்தார். "வலது கையில, மணிக்கட்டுல..."

"சூட்டுத் தழும்பு. களிப்பானை பட்டது. உங்களுக்கு எப்படித் தெரியும்?"

பதில் சொல்லத் தேவை இல்லாமல் போயிற்று. அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். கரண்டி கையிலிருந்து விழுந்தது. கிட்டே வந்தாள். கட்டிப்பிடித்து அழுவாள் என்றுதான் அவர் நினைத்தார். அவளோ ஓங்கி அவர் தோளில் ஒன்று வைத்தாள்.

"ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போகக்கூடாது? எங்கம்மா உன்னால எத்தனை நாளு சோறு திங்காமக் கிடந்துச்சு தெரியுமா?"

"தூங்கிக்கிட்டு இருந்தேன்" என்றார் சங்கிலி. "தூக்கிட்டுப் போயிட்டாரு." சொல்லும்போதே ஐந்து வயதுப் பிள்ளை மாதிரி விம்மினார். கோயம்புத்தூரில் அப்பா செத்தபோதும் மனைவி செத்தபோதும் அழாத மனுஷன், காய்ந்துபோன சேற்றில் உட்கார்ந்து, முன்பின் பார்த்திராத ஒருத்தியின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு அழுதார். தான் ஏங்கிய அம்மா தன் அம்மா இல்லை என்று அவருக்குத் தெரிந்தது. அந்த அம்மாவும் தனக்காக அழுதாள் என்று கூடவே தெரிந்தது. இரண்டில் எதற்கு அழுகிறோம் என்று தெரியாமலேயே அழுதார்.

வெகுநேரம் கழித்து அவள் மூக்கைச் சிந்தினாள்.

"தண்ணி வத்துன வருஷமெல்லாம் அம்மாவும் நானும் வருவோம். நாலு தடவை வந்திருக்கோம். ஒவ்வொரு தடவையும் உனக்கு ஒரு இலை. உன் இலையை மட்டும் காக்கா தொடவே தொடாது. 'பையன் இன்னும் கோவமா இருக்கான்டி'ன்னு அம்மா சொல்லும்." முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "உசுரோட இருக்கிறவன் சோத்தை அது எப்படித் திங்கும்? காக்காய்க்கு இருந்த புத்தி எங்களுக்கு இல்ல."

சங்கிலி சிரித்தார். அழுகையோடு சிரித்ததில் புரையேறியது.

"உன் பேரு என்னம்மா?"

"ஒச்சம்மா. உக்காரு, ஆறிப்போகுது."

"எது?"

"உன் இலைதான். வேற யாரு திங்கிறது?"

"செத்தவனுக்குப் போட்டதாச்சே."

"அதான் வந்துட்டியே."

அவர் படியை விட்டுத் தள்ளியே உட்கார்ந்தார். ஒன்பது வருஷம் ஊரெல்லாம் என் வீடு, என் வீடு என்று சொன்ன வெட்கம் இருந்தது.

"இது என் வீடு இல்லையே ஒச்சம்மா."

"யாரு சொன்னா? எங்கம்மா ஒரு நாளும் அப்படிச் சொன்னதில்ல" என்றாள். இலையைத் தூக்கி அவர் மடியில் வைத்தாள். அவர் கை வைப்பதற்குள் முதல் கவளத்தை அவளே உருட்டி வாயில் வைத்தாள்.

சாப்பிட்டு முடித்த பிறகுதான் வந்த காரியம் ஞாபகம் வந்தது. மடத்தையும் காவியையும் அந்த வழக்கத்தையும் சொன்னார். "உன் கையால சாப்பிட்டாச்சு. 'போ'ன்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லிடும்மா."

ஒச்சம்மா பாத்திரத்தைக் கவிழ்த்து வைத்தாள்.

"அம்பத்து நாலு வருஷம் சொல்லாமப் போயிருந்த ஆளு, இப்பச் சொல்லிட்டுப் போறாராம். நான் சொல்ல மாட்டேன்."

"ஒன்பது வருஷமாக் காத்துக்கிட்டு இருக்கேன்மா."

"நான் பொறந்ததுல இருந்து காத்துக்கிட்டு இருக்கேன்." பத்திரிகையை எடுத்து அவர் கையில் கொடுத்தாள். "ஆவணி பத்து, எம்மகளுக்குக் கல்யாணம். தாய்மாமன் இல்லாத வீடுன்னு மாப்பிள்ளை வீட்டுக்காரக வாயைத் தொறக்காமச் சிரிக்கிறாக. முறைக்கு யாரை நிறுத்தறதுன்னு ஐயாகிட்ட அழுதுட்டுப் போகத்தான் இன்னிக்கு வந்தேன். நீ வந்து நிக்கிற. காவியா, மாமன் முறையான்னு அங்க போய் உங்க குருகிட்டக் கேட்டுக்க."

சங்கிலி கரையேறி வந்தபோது தாயார் மாட்டுக்கொட்டிலைக் கூட்டிக்கொண்டிருந்தார். விளக்குமாற்றை நிறுத்தாமல் கேட்டார்.

"வீடு கிடைச்சுதா?"

"நான் சொல்லிக்கிட்டு இருந்தது பக்கத்து வீட்டுப் படியாம் தாயே. எங்க வீட்டைப் பாத்தேன். அடையாளமே தெரியல."

"சாப்பிட்டீங்களா?"

"சாப்பிட்டேன். செத்தவன்னு எனக்குப் போட்ட இலையில."

"யார் கையால?"

"தங்கச்சி" என்றார் சங்கிலி. சொல்லிவிட்டு அந்தச் சொல்லை இன்னொரு தடவை சொன்னார். "தங்கச்சி கையால."

விளக்குமாறு நின்றது. நடந்ததை எல்லாம் அவர் சொல்லி முடிக்கும்வரை தாயார் நின்றபடியே கேட்டார். பிறகு உள்ளே போய், மடித்த காவித்துணி ஒன்றைக் கொண்டுவந்து அவர் முன்னால் வைத்தார். மடிப்பெல்லாம் பழுத்திருந்தது. அவர் வந்த வருஷமே நனைத்து உலர்த்தி வைத்த துணி போல.

"'போ'ன்னு சொன்னாங்களா?"

"சொல்ல மாட்டேங்கறா."

"நீங்க என்ன சொல்றீங்க?"

சங்கிலி துணியைத் தொட்டுப் பார்த்தார். மறுகையில் பத்திரிகை இருந்தது.

"காவி கட்டிக்கிட்டு மாமன் முறை செய்யலாமா தாயே?"

"கூடாது."

"மொய்ப்பணம், சேலை, மாலை, எல்லாம் மாமன்தான் முன்னால நின்னு செய்யணும். எனக்கு ஒண்ணும் தெரியாது. யார்கிட்டயாச்சும் கேட்டுத்தான் செய்யணும்."

"கேட்டுக்கலாம்."

"மாப்பிள்ளை வீட்டுக்காரக ஒரு மாதிரி ஆளுகபோல. நான் போய் நிக்காட்டி அவளைப் பேசிருவாக."

"பேசுவாங்க."

சங்கிலி அந்தத் துணியை மடிப்புக் கலையாமல் எடுத்து, கண்ணில் ஒற்றி, தாயார் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். ஒன்பது வருஷம் கேட்டது கைக்கு வந்து, அதைத் தானே திருப்பிக் கொடுக்கிறோம் என்ற துக்கம் வரும் என்று எதிர்பார்த்தார். பசிதான் வந்தது. சாப்பிட்ட பொங்கல் நடந்த நடையில் கரைந்துவிட்டிருந்தது.

"தாடியை எடுத்துட்டுப் போங்க" என்றார் தாயார். "போட்டோவுல நல்லா விழணும்."

மூன்றாம் நாள் காலை சங்கிலி ஒச்சம்மா வீட்டுக்குப் புறப்பட்டார். மழித்த முகத்தில் பத்து வயது குறைந்திருந்தது. பையில் இரண்டு வேட்டி, ஒரு சட்டை, பத்திரிகை. தாயாரை விழுந்து கும்பிட்டார். நாலடி போனவர் திரும்பி வந்தார். மாட்டை யார் பார்ப்பது, விறகு யார் பிளப்பது என்று அவருக்கு அப்போதுதான் கவலை வந்தது.

"நான் எப்பத் திரும்பி வரட்டும் தாயே?"

தாயார் அதற்குள் அடுத்த வேலைக்குப் போயிருந்தார். கிணற்றடியில் இருந்தே குரல் கொடுத்தார்.

"என்னை ஏன் கேட்கிறீங்க? உங்க வீட்ல கேளுங்க."